ஒடியற்கூழ்: சமூகவியல் நோக்கில் ஒரு விளக்கம்

யாழ்ப்பாணத்துக் கூழ் பற்றிப் பேசுமிடத்து இலக்கியம் பயின்றோர்க்கு முதலில் நினைவுக்கு வருவது ஆடிக்கூழாகும். நவாலியூர் சோமசுந்தரப் புலவர் (1878-1953) ஆடிப்பிறப்பைப் பற்றி இயற்றிய பாடல் பல தலைமுறைப் பிள்ளைகளின் நாவிற் பயின்று வந்துள்ளது. பனங்கட்டியும் தேங்காய்ப்பாலும் கலந்த இனிப்புக்கூழ் அதன் வழியே நமது இலக்கியத்தில் நிலையான இடம் பெற்றுவிட்டது. ஆனால் அதே பிரதேசத்திலே மீன், நண்டு, இறால் என்பவற்றை இட்டுப் பனங்கிழங்கு மாவாலே தடிப்பாக்கிக் காய்ச்சும் இன்னொரு கூழும் உண்டு. ஒடியற்கூழ் எனப்படும் அதற்கு நாட்காட்டியிலே ஒரு நாள் இல்லை; படையலில் இடமில்லை; ஆடிக்கூழுக்குக் கிடைத்தது போன்ற புலவரும் கிடைக்கவில்லை. இவ்வேறுபாடு தற்செயலானதன்று. ஆடிக்கூழ் மரக்கறி உணவு. சைவ வேளாண் குடும்பத்தின் ஆண்டுச் சுழற்சியோடு ஒட்டியது. தென்புலத்தாருக்குப் படைக்கத் தக்கது. மீன் வாசனையுள்ள பானை அவ்வெல்லைக்கு வெளியே நின்றது. எது பாடப்படத் தக்கது என்னும் தீர்ப்பு சமையலறையிலேயே தொடங்கிவிடுகின்றது.

கூழ் என்னுஞ் சொல்லின் வரலாறும் இங்கு உற்றுநோக்கற்பாலது. திருக்குறளின் இறைமாட்சி அதிகாரம் அரசனுக்குரிய ஆறு உறுப்புக்களுள் ஒன்றாகக் கூழை எண்ணுகின்றது. உணவைக் குறிக்கும் அச்சொல் அவ்விடத்து அதற்கு ஏதுவாகிய பொருளை உணர்த்திற்று என்பது பரிமேலழகர் கருத்து. மக்கட்பேறு பற்றிய அதிகாரத்திலோ குழந்தை தன் கையை இட்டுத் துழாவிய உணவே கூழாகின்றது. இவ்வாறு உணவு முழுவதையும், அரசனின் செல்வத்தையுங்கூடக் குறிக்கவல்ல சொல், காலப்போக்கில் மாவைக் கரைத்துக் காய்ச்சிய நீர்த்த உணவை மட்டும் குறிக்கலாயிற்று. 'கூழானாலுங் குளித்துக் குடி' என்னும் பழமொழியில் அது உணவுப் படிநிலையின் அடிவரிசையிலே நிற்கக் காண்கின்றோம். சோறு உண்பார், கூழ் குடிப்பார் என்ற பிரிவு ஏற்பட்ட சமுதாயத்திலேதான் இப்பழமொழிக்குப் பொருள் உண்டு.

ஒடியற்கூழ் தொன்றுதொட்டு மாறாது வந்த உணவு என்று பெருமை பேசுவாரும் உளர். அவர்கள் பானைக்குள்ளே சற்று உற்றுப் பார்த்தல் நன்று. கூழுக்குச் செந்நிறத்தையும் உறைப்பையும் தரும் மிளகாய் அமெரிக்கக் கண்டத்துக்கு உரியது. பதினாறாம் நூற்றாண்டிலே போர்த்துக்கேயர் வழியாக இப்பகுதிகளுக்கு வந்தது. மிளகை ஒத்த காய் என்று நம்மவர் அதற்கிட்ட பெயரே அது புதிதாக வந்த செய்தியைச் சொல்கின்றது. கூழிற் சேரும் மரவள்ளிக்கிழங்கும் அதே கண்டத்தது. எனவே இன்று நாம் அறிந்த வடிவிலுள்ள கூழ் ஐரோப்பியரின் கடல் வாணிகத்துக்கு முற்பட்டதாக இருக்க முடியாது. பனையும் மீனும் பழையவை. அவற்றைச் சேர்த்த முறை வரலாற்றிலே மாறி வந்தது.

இனி மாவைப் பற்றிச் சிறிது விரிவாகக் கூறுதல் வேண்டும். கூழின் உயிர் அதிலேயே உள்ளது. பனம்பழக் காலம் முடிந்தபின் விதைகளைச் சேர்த்து மணற்பாங்கான நிலத்திலே பாத்தி கட்டிப் புதைப்பர். முளை கீழ்நோக்கி இறங்கிச் சில மாதங்களிலே கிழங்காகும். மாரி கழியும் வேளையில் அதனைக் கிண்டி எடுத்து, தோலுரித்து, நெடுக்காகப் பிளந்து வெயிலிற் காயவிட்டால் கிடைப்பது ஒடியல். அவித்தபின் காயவிட்டால் அது புழுக்கொடியல். அது கடித்துத் தின்னுதற்குரியது. கூழுக்கு வேண்டியது அவிக்காத ஒடியலே. அதனை உரலில் இடித்து அரித்தெடுத்த மா, நன்கு உலர்ந்திருந்தால் நெடுநாள் கெடாதிருக்கும். நெற்செய்கை மழையை நம்பியிருந்த, வற்றாத ஆறு ஒன்றுமில்லாத ஒரு குடாநாட்டிலே இவ்வாறு சேமிக்கத்தக்க மாவொன்று கிடைத்தமையின் பொருளாதார முக்கியத்துவத்தை எடுத்துக்கூற வேண்டியதில்லை.

ஆயின் இம்மாவை அப்படியே உண்ணலாகாது. அதில் ஒருவகைக் கயர்ப்பு உண்டு. மாவை நிறைந்த நீரிலே கரைத்து வைத்து, மா அடியிற் படிந்ததும் மேல்நீரை வடித்துவிட்டு மீண்டும் புதுநீர் ஊற்றுதல் வேண்டும். இரண்டு மூன்று மணி நேரத்தில் இவ்வாறு மூன்று தடவையேனும் செய்வது எங்கள் வீட்டு வழக்கம். மேலே மிதக்கும் தும்பையும் அந்நீரோடு அகற்றுவர். என் அப்பாச்சி வடித்த நீரை விரலால் தொட்டு நாவில் வைத்துப் பார்த்தே போதும், போதாது என்று தீர்மானிப்பார். பதப்படுத்தாத பனங்கிழங்கு மாவைத் தின்ற எலிகளில் நச்சு விளைவுகள் உண்டாவதைப் பிற்காலத்திலே ஆய்வுகூடங்கள் எடுத்துக்காட்டின. அந்நச்சின் இரசாயனத்தை அப்பாச்சி அறிந்தவர் அல்லர். நீரை மாற்ற வேண்டும் என்பதை, தம் தாயின் கையைப் பார்த்து அவர் அறிந்திருந்தார். எழுதப்படாத இவ்வறிவை நமது புலமை உலகம் அறிவென்று கணக்கிற் சேர்ப்பதில்லை. 'கைப்பக்குவம்' என்று சொல்லி அப்பாற் சென்றுவிடுகின்றது.

எட்டுப் பேருக்குக் கூழ் காய்ச்சுவதாயின் ஒடியல் மா 250 கிராம் அளவு போதுமானது. மீன்வகையெல்லாம் சேர்த்து ஒன்றரைக் கிலோ வரை கொள்ளலாம். சூடை, ஓரா, ஒட்டி முதலிய சிறுமீன்களோ பாரை, விளைமீன் ஆகியவற்றின் தலைகளோ சிறப்பானவை. தலையிலுள்ள கொழுப்பும் எலும்பின் சாறும் கூழுக்கு இறங்கவேண்டும். அவற்றோடு பாதியாக வெட்டிக் கால்களைத் தட்டிய நண்டு, இறால், கிடைத்தாற் கணவாய். வாடைக்காற்றிலே கடல் கொந்தளித்து வள்ளங்கள் கரையேறியிருக்கும் நாட்களிற் கருவாடு இவற்றின் இடத்தை நிரப்பும். மரக்கறிப் பக்கத்தில் பயற்றங்காய், பலாக்கொட்டை, மரவள்ளிக்கிழங்கு, ஒரு பிடி முருங்கையிலை. இவற்றுடன் ஒரு கைப்பிடி அரிசி. பதினைந்து செத்தல் மிளகாயைச் சிறிது மஞ்சளும் உப்பும் சேர்த்து அம்மியிலே பசைபோல அரைத்துக்கொள்ள வேண்டும். எலுமிச்சங்காயளவு பழப்புளியைத் தனியாகக் கரைத்து வைக்க வேண்டும்.

பெரிய பானையிலே மூன்று லீற்றர் நீரைக் கொதிக்கவிட்டு முதலில் அரிசியையும் பலாக்கொட்டையையும் இடுவர். இவை வேக நேரமெடுப்பவை. பின்னர் மரவள்ளியும் பயற்றங்காயும். இவை அரைவேக்காடு கண்டதும் நண்டும் மீன்தலையும், அவை வெந்து வருகையில் இறாலும் சிறுமீனும் சேரும். புளியை முந்தி ஊற்றிவிடுதல் புதியவர் செய்யும் தவறு. புளிப்பு நீரிலே பலாக்கொட்டையும் கிழங்கும் எளிதில் மசிவதில்லை. எல்லாம் வெந்தபின்னரே புளிக்கரைசலையும் மிளகாய்க் கூட்டையும் சேர்த்தல் வேண்டும். கூட்டின் பச்சை வாசனை அடங்கியபின், வடித்து வைத்த மாவைச் சிறிது நீரிற் கட்டியில்லாமற் கரைத்து, ஒருவர் மெல்லமெல்ல ஊற்ற மற்றவர் அகப்பையாலே அடிதொட்டுத் துழாவுவர். இதனைத் தனியொருவர் செய்வது கடினம். கை ஓய்ந்தால் மா அடியிலே பற்றிக் கருகும். ஒருமுறை அடிப்பிடித்த வாசனை பானை முழுவதையும் கெடுத்துவிடும். மா வெந்து நிறம் மாறி, கூழ் பளபளத்துக் கனமாகக் குமிழியிடத் தொடங்கும்போது இலையைத் தூவி இறக்கிவிடலாம். ஆறும்போது மேலும் தடிக்கும் ஆதலால், வேண்டிய பதத்திலும் சற்று இளக்கமாகவே இறக்குதல் அறிவுடைமை. ஆறிய கூழை மீண்டும் சூடாக்கிக் குடிப்பதை நான் விரும்புவதில்லை, விரும்புவோரும் உளர்.

இச்செய்முறையை நோக்குமிடத்து ஓருண்மை புலனாகும். பெரிய மீன் சந்தைக்குப் போனது. தலை பானைக்கு வந்தது. விலைபோகாத பொடிமீனும் கால் முறிந்த நண்டும் பானைக்கு வந்தன. பலாப்பழத்தைத் தின்றபின் கொட்டை வந்தது. பனம்பழத்தைத் தின்றபின் அதன் விதையிலிருந்து கிழங்கு வந்தது. பரிவர்த்தனைப் பெறுமதி குன்றியவற்றைப் பயன்பெறுமதி மிக்க உணவாக மாற்றிய உழைப்பே ஒடியற்கூழ். அவ்வுழைப்பிற் பெரும்பகுதி பெண்களுடையது.

நெருக்கடி மிக்க காலங்களிற் கூழின் இத்தன்மை மேலும் துலக்கமாயிற்று. 1973 ஆம் ஆண்டை அண்டி அரிசிப் பங்கீடு குறைக்கப்பட்டபோது மரவள்ளிக்கிழங்கு நாடெங்கும் வயிற்றை நிரப்பியது. 1990 இலிருந்து யாழ்ப்பாணக் குடாநாட்டின்மீது பொருளாதாரத் தடை இருந்தது; கடற்றொழிலுக்கும் தடைகள் இருந்தன. கடலைச் சூழக் கொண்ட ஊர்களிலே மீனில்லாத கூழ் காய்ச்சப்பட்ட காலம் அது. மறுபுறத்தில் பனைகள் பெருந்தொகையாகத் தறிக்கப்பட்டுக் காவலரண்களுக்கும் பதுங்குகுழிகளுக்கும் குற்றிகளாயின. நான் அக்காலத்துக் குழந்தை. 1995 இன் இடப்பெயர்வுக்குப்பின் தென்மராட்சியிலே பல குடும்பங்கள் ஒரே அடுப்பைச் சுற்றியிருந்து குடித்த கூழில் மீன் இருந்ததா என்று அண்மையில் அம்மாவைக் கேட்டேன். ஒரு துண்டுக் கருவாடு இருந்தது, வாசனைக்காக, என்றார்.

எனினும் ஒரே பானை என்பதனால் சமத்துவம் வந்துவிட்டதாகக் கொள்ளுதல் தவறு. பனையோலையை மடித்துக் கோலிய பிளாவிலே கூழை வார்த்து, வட்டமாக அமர்ந்து குடிக்கும் காட்சியை இன்று பலரும் ஏக்கத்துடன் எழுதுகின்றனர். பிளாவின் மறுபக்கத்தை அவர்கள் எழுதுவதில்லை. நிலவுடைமையாளர் வீடுகளிலே தாழ்த்தப்பட்ட மக்களுக்கு உணவும் நீரும் பிளாவிலும் சிரட்டையிலுமே வார்க்கப்பட்டன. அவர்கள் தொட்ட பாத்திரம் வீட்டுக்குள் வரலாகாது என்பதே காரணம். குடித்தபின் எறிந்துவிடத் தக்கது என்னும் வசதி, விருந்திலே ஒரு பொருளையும் தீண்டாமையிலே வேறொரு பொருளையும் பெற்றது. சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம் 1957 இலே நிறைவேறியும் தேநீர்க்கடைகளிற் சம பேணி கிடைக்கவில்லை. 1966 ஒக்ரோபர் 21 ஆந் திகதி சுன்னாகத்திற் புறப்பட்ட ஊர்வலமும் அதனைத் தொடர்ந்த ஆலய, தேநீர்க்கடைப் பிரவேசப் போராட்டங்களுமே அதனை அசைத்தன. கே. டானியலின் 'பஞ்சமர்' (1972) போன்ற நாவல்கள் அவ்வனுபவத்தை இலக்கியமாக்கின. கூழுக்கு ஓலை வெட்டியவரும், பாத்தி கட்டிக் கிழங்கு கிண்டியவரும், நண்டு பிடித்தவரும் வட்டத்தில் எங்கு அமர்ந்தனர் என்று கேளாத உணவு வரலாறு பாதி வரலாறே.

அண்மைக்காலத்தில் நிலை வேறு திசையிலே திரும்பியுள்ளது. வடபகுதி நண்டும் இறாலும் ஏற்றுமதிப் பண்டங்களாகிவிட்டன. நல்ல நண்டு கரைக்கு வருமுன்னரே குளிர்பெட்டிக்கு உரியதாகின்றது. 1978 இலே தாபிக்கப்பட்ட பனை அபிவிருத்திச் சபையின் காலத்தில் ஒடியல் மா பொதியிற் கிடைக்கும் பொருளாயிற்று. கொழும்பிலும் புலம்பெயர் நகரங்களிலும் உணவகங்கள் ஒடியற்கூழைப் 'பாரம்பரிய உணவு' என்னும் பெயரிலே விற்கின்றன. அங்கே பெரிய நண்டும் பெரிய இறாலும் மேலே தெரிய வைக்கப்படுகின்றன, மீன்தலையைக் காணோம். எஞ்சியவற்றின் உணவு, விலைகூடியவற்றின் உணவாயிற்று. பொதி மாவையும் நீர் மாற்றி வடித்தே ஆகவேண்டும் என்பதை விற்போரும் வாங்குவோரும் மறந்துவிடலாகாது. அவசரத்திற் காய்ச்சிய கூழின் கயர்ப்பை எவ்வளவு புளி விட்டும் மறைக்க முடிவதில்லை.

வீட்டுக் கூழிலே பரிமாறும் ஒழுங்கொன்று உண்டு. முதலிற் பிள்ளைகள், பின்னர் ஆண்கள், அயலிலிருந்து வந்தோர். மாவை வடித்து, நண்டை உடைத்து, அடிப்பிடிக்காமல் துழாவிய பெண்கள் இறுதியிலே அமர்வர். அப்போது பானையின் அடியில் மிகத் தடித்த கூழும், சில பலாக்கொட்டையும், சதை கழன்ற நண்டுக் கால்களும் கிடக்கும். சுவையான பகுதி அதுவே என்று அப்பாச்சி எப்போதும் சொல்வார். நான் ஒருமுறை அதைக் கேட்டு வாங்கிக் குடித்தேன். அது ஆறி, உறைந்து, உப்புக் கரித்தது.