மணல் வழக்கில் வாகன மீட்பு



அனுமதியின்றி ஆற்றுமணல் ஏற்றியமைக்காகப் பொலிசார் கைப்பற்றிய வாகனத்தை அதன் உரிமையாளர் மீட்டல் கூடுமா? கூடுமாயின் அதற்குரிய வழி யாது? இவ்வினாவே இன்றைய பேச்சின் பொருளாகும்.

கிளிநொச்சி மாவட்டத்துப் பூநகரிப் பிரிவிலே அமைந்த ஜெயபுரம் போன்ற ஊர்களில் இது ஏட்டளவில் நிற்கும் வினாவன்று. அங்கே உழவு இயந்திரம் ஒன்றே ஒரு குடும்பத்தின் முதலாக இருப்பதுண்டு. வயலை உழுவதும், நெல்லை ஏற்றுவதும், கூலிக்கு ஓடிக் கடனை அடைப்பதும் அதுவே. அவ்வியந்திரம் பொலிஸ் நிலைய முற்றத்தில் வெயிலிலும் மழையிலும் நிற்குங்கால், துரு ஏறுவது இரும்பில் மாத்திரமன்று. கடன் தவணையும் நில்லாது ஏறிக்கொண்டே போகின்றது.

முதலிற் சட்டத்தை நோக்குவோம். 1992ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சுரங்கங்கள், கனிப்பொருள்கள் சட்டத்தின்படி மணலும் ஒரு கனிப்பொருளே. அதனை அகழ்வதற்கு உரிய அனுமதிப்பத்திரம் வேண்டும். இவ்வனுமதியை வழங்கும் நிறுவனம் புவிச்சரிதவியல் அளவை, சுரங்கப் பணியகமாகும். மணலை ஏற்றிச் செல்வதற்கான அனுமதி 2019ஆம் ஆண்டின் இறுதியில் வேண்டுவதில்லை என அரசாங்கம் நீக்கியது. 2020இல் உயர் நீதிமன்றம் அத்தீர்மானத்துக்கு இடைக்காலத் தடை விதித்தது. எனவே, ‘முன்பு கேட்கவில்லையே’ என்னும் வாதம் எவரையும் காப்பாற்றாது.

வாகனத்தை மீட்பதற்கு இருவேறு கட்டங்கள் உண்டு. அவற்றைப் பிரித்தறிதல் அவசியம்.

முதலாவது, வழக்கு முடியும் முன்னர் உள்ள கட்டம். கைப்பற்றிய பொருளைப் பொலிசார் தம் விருப்பம்போல் வைத்திருத்தல் ஆகாது. 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 431ஆம் பிரிவு, அதனை உடனடியாக நீதவானுக்கு அறிக்கையிடுமாறு பணிக்கின்றது. அப்பொருளை வைத்திருக்க உரித்துடையவரிடம் ஒப்படைப்பது குறித்து நீதவான் கட்டளையிடலாம். ஆகவே உரிமையாளர் பதிவுச் சான்றிதழ், அடையாள அட்டை ஆகியவற்றுடன், சட்டத்தரணி மூலம் நீதவான் நீதிமன்றத்தில் விண்ணப்பித்தல் வேண்டும். மன்று இணங்குமாயின், பிணைமுறியின் பேரில், அழைக்கும்போது வாகனத்தை முற்படுத்துதல் போன்ற நிபந்தனைகளுடன் அதனைக் கையளிக்கும். இது தற்காலிக விடுவிப்பே; இதனை விடுதலை என மயங்கலாகாது.

இரண்டாவது கட்டம், சாரதி குற்றவாளியாகத் தீர்க்கப்பட்ட பின்னர் வருவது. ‘குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டப்பணத்தைக் கட்டிவிட்டால் யாவும் முடிந்தன’ என்று பலர் எண்ணுகின்றனர். அவ்வாறன்று. குற்றத்துக்குப் பயன்பட்ட வாகனம் அரசுடைமையாக்கப்படலாம். தண்டப்பணம் சில ஆயிரமாயினும் வாகனத்தின் பெறுமதி பல இலட்சமன்றோ?

ஆயின் சாரதி ஒருவராகவும் உரிமையாளர் வேறொருவராகவும் இருப்பின்? இங்கே நினைவிற்கொள்ளத்தக்கது, 1987இல் உயர் நீதிமன்றம் தீர்த்த மானவடு எதிர் சட்டமா அதிபர் என்னும் வழக்கு. அது மணல் வழக்கன்று. காட்டுமரம் ஏற்றிய லொறி பற்றியது. குற்றத்தில் பங்குகொள்ளாத உரிமையாளரின் சொல்லைக் கேளாது அவருடைய உடைமையைப் பறித்தல் நீதியன்று என்பதே அத்தீர்ப்பின் சாரம். இதனால் உரிமையாளர் மன்றில் தோன்றித் தம் நிலையை உரைக்கும் வாய்ப்பு உறுதியாயிற்று.

எனினும், ‘எனக்குத் தெரியாது’ என்ற ஒரு சொல் போதுமெனக் கருதுதல் தவறு. 2009இல் திருத்தப்பட்ட வனச் சட்டம், குற்றத்தைத் தடுக்க இயன்ற முன்னெச்சரிக்கை யாவற்றையும் எடுத்ததாக உரிமையாளரே நிரூபித்தல் வேண்டுமென விதிக்கின்றது. மணல் வழக்குகளிலும் உரிமையாளர் இவ்வாறான கேள்விகளுக்கு ஆயத்தமாக இருத்தல் நன்று. சாரதிக்கு எழுத்தில் அறிவுறுத்தல் கொடுத்தீரா? வாகனம் செல்லும் இடத்தையும் நேரத்தையும் விசாரித்தீரா? இரவில் திறப்பு எவர் கையில் இருந்தது? முன்பும் இவ்வாகனம் பிடிபட்டதுண்டா? பிடிபட்டிருப்பின், அச்சாரதியை ஏன் நீக்கவில்லை? இவற்றுக்கு விடை, வாகனம் பிடிபட்ட பின்னர் எழுதும் சத்தியக்கடதாசியில் இல்லை. அதற்கு முன்னர் உரிமையாளர் நடந்துகொண்ட முறையிலேயே உள்ளது.

கடன் கொடுத்த கம்பனி முழு உரிமையாளராகப் பதியப்பட்டிருப்பின், அதற்கும் உடனே அறிவித்தல் வேண்டும். நீதவானின் கட்டளை பாதகமாயின், காலந்தாழ்த்தாது மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு கோரலாம்.

சட்டம் இத்துணைக் கடுமை காட்டுவது ஏன் எனச் சிலர் வினவுவர். ஆற்றுமணல் மழைநீரைத் தேக்கி அயற்கிணறுகளுக்கு ஊட்டுகின்றது. அம்மணலை அள்ளியெடுத்தால் நீர்மட்டம் தாழும், கரை இடியும். கடலை அண்டிய பூநகரியிலோ, நன்னீர் தாழ்ந்த இடத்தில் உவர்நீர் உட்புகும். உழவு இயந்திரத்தை நீதிமன்றம் ஒருநாள் திருப்பித் தரலாம். உவர்ப்பேறிய கிணற்றைத் திருப்பித் தரும் நீதிமன்றம் எங்கும் இல்லை. எனவே, வாகனத்தைப் பிறர் கையில் ஒப்படைக்கும் ஒவ்வொருவரும், அது எங்கே செல்கின்றது என்பதை அன்றே கேட்டறிவாராக.