உஷார்! அரிப்புக்கு ஊசி போடும் முன் அரிப்பின் பெயரைக் கேளுங்கள்

அரிப்புக்காக டூபிலுமாப் ஊசியை உங்களுக்கு எழுதிக் கொடுத்தவர் உங்கள் உடம்பை உச்சி முதல் பாதம் வரை துணி விலக்கிப் பார்த்தாரா? முழங்கையை மட்டும் பார்த்தாரா? வாட்ஸ்அப்பில் அனுப்பிய போட்டோவைப் பார்த்தாரா? முழு உடம்பையும் யாரும் பார்க்கவில்லை என்றால், அடுத்த ஊசிக்கு முன்னால் ஒரு தோல் மருத்துவரிடம் நேரில் போய்க் காட்டுங்கள். நாள் தள்ளாதீர்கள்.

என் சித்தப்பாவை யாரும் பார்க்கவில்லை. அதனால்தான் இவ்வளவு பதற்றத்தோடு எழுதுகிறேன்.

சின்ன வயதில் கரப்பான், இளைப்பு, தும்மல் என்று எதுவுமே இல்லாத மனிதர். 57 வயதில் இடுப்பிலும் புட்டத்திலும் திட்டுத் திட்டாக வந்தது. சில இடம் வெளிறி, சில இடம் சிவந்து, மேலே மாவு தூவியதுபோலச் செதில். ராத்திரி முழுக்கச் சொறிவார். காலையில் சித்தி போர்வையை உதறும்போது ரத்தப் பொட்டுகள் தெரியும். டாக்டரிடம் போனால் வேட்டியை விலக்கிக் காட்டக் கூச்சம். முழங்கையில் இருந்த ஒரு சின்னத் திட்டை மட்டும் காட்டிவிட்டு வந்துவிடுவார். சீட்டில் 'எக்ஸிமா', அதாவது கரப்பான் என்று எழுதினார்கள். மூன்று வருஷம் களிம்பு மாற்றிக் களிம்பு. கடைசியில் துபாயில் வேலை பார்க்கும் உறவுக்காரப் பையன், "எக்ஸிமாவுக்குப் புது ஊசி வந்திருக்கு" என்றான். போட்டோ பார்த்து ஒருவர் சீட்டு எழுத, டூபிலுமாப் ஊசிகள் ஐஸ் பையில் வந்து சேர்ந்தன.

மூன்றாவது வாரம் சித்தப்பா போன் பண்ணினார். "கண்ணு, மூணு வருசங் கழிச்சு இப்பத்தான் விடிய விடியத் தூங்கறேனாக்கும்." கேட்டு எனக்கு அழுகையே வந்துவிட்டது. நானே நாலு பேரிடம் இந்த ஊசியைப் பற்றிப் பெருமையாகச் சொன்னேன்.

அந்தத் தூக்கத்தை நம்பித்தான் ஏமாந்தோம். அரிப்பு அடங்கிய நாட்களில் திட்டுகள் அகலமாகிக்கொண்டே போயின. நாலாவது மாதம் புட்டத்தில் உள்ளங்கை அகலத்துக்கு ஒன்று தடித்து எழும்பியது. அதற்குப் பிறகுதான் ஒரு பெண் மருத்துவர் கதவைச் சாத்திவிட்டு, "எல்லாத்தையும் கழட்டுங்கய்யா, நான் பார்க்கணும்" என்றார். தடிப்பை இரண்டு விரலால் கிள்ளித் தூக்கிப் பார்த்தார். அன்றைக்கே சதை எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பினார். வந்த பெயர் மைகோசிஸ் ஃபங்காய்டிஸ். காளான்போலக் கட்டிகள் எழும்புவதைப் பார்த்து வைத்த பெயர். பூஞ்சைக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. 1806இலேயே பிரான்ஸ் மருத்துவர் அலிபெர் விவரித்த நோய் இது. டி செல் என்னும் வெள்ளையணுக்கள் தோலில் குடியேறிப் பெருகுகிற ஒருவகைப் புற்று.

அரிய நோய்தான். அரிக்கிறவர்கள் எல்லாரும் பயந்து நடுங்க வேண்டாம். ஆனால் டூபிலுமாப் போட்ட பிறகு இந்தப் புற்று வெளிப்பட்டதாகப் பல நாட்டு மருத்துவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். ஊசிதான் கிளப்பிவிட்டதா, முன்பே இருந்ததற்கு எக்ஸிமா என்று தப்பாகப் பெயர் வைத்திருந்தார்களா என்ற விவாதம் ஓயவில்லை. தப்பான பெயர்தான் பெரும்பாலும் காரணம் என்பது பலருடைய கணிப்பு. அடையாளங்களை மனதில் வையுங்கள்: சிறு வயதில் எந்த அலர்ஜியும் இல்லாதவருக்கு நடுவயதுக்கு மேல் முதல் தடவையாக வரும் 'எக்ஸிமா', வெயில் படாத இடுப்பு, புட்டம், மார்பு, தொடையின் உட்புறம் ஆகிய இடங்களில் விடாப்பிடியாக நிற்கும் திட்டு, ஊசி போட்டும் அகலமாகிற திட்டு. இதில் ஒன்று இருந்தாலும் தோலில் துணுக்கு எடுத்துப் பார்க்கும் பயாப்ஸியைக் கேளுங்கள். ஒரு தடவை எடுத்துத் தெளிவு கிடைக்காவிட்டால் மறுபடியும் எடுக்க வேண்டியிருக்கும். அதற்குச் சலித்துக்கொள்ளாதீர்கள்.

மருந்தைத் திட்டுவதற்காக இதை எழுதவில்லை. சரியான ஆளுக்குப் போனால் அது பெரிய வரம். கரப்பான் தோலில் இன்டர்லூகின் 4, இன்டர்லூகின் 13 என்ற இரண்டு ரசாயனத் தூதுகள் ஓயாமல் அழற்சியைக் கிளப்பிக்கொண்டே இருக்கும். இந்த இரண்டு சாவிக்கும் பொதுவாக ஒரு பூட்டு. டூபிலுமாப் என்ற எதிர்ப்பொருள் அந்தப் பூட்டின் துளையை அடைத்துவிடுகிறது. அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு 2017 மார்ச்சில் இதைப் பெரியவர்களின் மிதமானது முதல் கடுமையானது வரையிலான கரப்பானுக்கு அனுமதித்தது. 2022இல் ஆறு மாதக் குழந்தைகள் வரைக்கும், அதே ஆண்டில் அரிகட்டி நோய்க்கும் நீட்டித்தது. தூக்கம் இல்லாமல் பள்ளிக்கூடம் போக முடியாத பிள்ளைகள் இதனால் எழுந்து நடமாடுகிறார்கள்.

ஆனால் அது ஒரு பூட்டுக்கான அடைப்பு மட்டும்தான். உங்கள் அரிப்பு வேறு வாசல் வழியாக வருகிறது என்றால், இந்தப் பூட்டை அடைத்து என்ன பயன்? சரியான நோயாளிகளிடமே கூட அது எல்லாரையும் கரையேற்றவில்லை. 2016இல் வெளியான இரண்டு பெரிய ஆய்வுகளில், 16 வார முடிவில் தோல் தெளிந்தவர்கள் அல்லது ஏறக்குறையத் தெளிந்தவர்கள் 100க்கு 36 முதல் 38 பேர். மருந்தில்லாத வெறும் ஊசி போட்டவர்களில் 8 முதல் 10 பேர். நல்ல வித்தியாசம்தான். ஆனாலும் 'போட்டால் போதும், போய்விடும்' என்று வாக்குக் கொடுப்பவரை நம்பாதீர்கள்.

நம் ஊரில் எக்ஸிமா வேஷம் போட்டுக்கொண்டு திரிகிற முக்கியமான ஆசாமிகள் இரண்டு. ஒன்று படர்தாமரை. மெடிக்கலில் கேட்டு வாங்கிப் பூசும் ஸ்டீராய்டு கலந்த களிம்பு அதன் வளைய வடிவத்தையே அழித்துவிடும். பிறகு பழகிய கண்ணுக்குக்கூட அடையாளம் தெரியாது. 2018இலேயே மத்திய அரசு 14 ஸ்டீராய்டு களிம்புகளை டாக்டர் சீட்டு இல்லாமல் விற்கக்கூடாது என்று பட்டியலில் சேர்த்தது. இன்றைக்கும் உங்கள் தெருமுனைக் கடையில் என்ன நடக்கிறது என்று உங்களுக்கே தெரியும். இன்னொன்று சிரங்கு. கண்ணுக்குச் சரியாகத் தெரியாத பூச்சி தோலுக்குள் வளை தோண்டி முட்டையிடும். ராத்திரியில் அரிப்பு கூடும். விரல் இடுக்கு, மணிக்கட்டு, இடுப்பு, ஆண்குறி இவைதான் அதற்குப் பிடித்த இடங்கள். இதற்கு வேண்டியது பெர்மெத்ரின் களிம்பு. கழுத்துக்குக் கீழே முழுக்கப் பூசி ராத்திரி விட்டு, ஒரு வாரம் கழித்து மறுபடியும். வீட்டில் இருக்கும் அத்தனை பேரும் ஒரே நாளில் பூச வேண்டும். விலை மலிவு. இதற்குப் போய் எதிர்ப்பொருள் ஊசி போட்டால் பூச்சி நிம்மதியாகக் குடும்பம் நடத்தும்.

தோலில் ஒன்றுமே தெரியாமல் உடம்பு முழுக்க அரித்தால் ரத்தப் பரிசோதனைக்குப் போங்கள். சிறுநீரகம், கல்லீரல், தைராய்டு, இரும்புச்சத்துக் குறைவு, சில நேரம் நெறிக்கட்டிப் புற்று எல்லாமே அரிப்பாக முதலில் வாய் திறக்கலாம்.

பெயர் சரி, கரப்பான்தான், ஊசியும் தேவைதான் என்று முடிவானவர்களுக்கும் சொல்ல வேண்டியது இருக்கிறது. இந்த ஊசி அடைக்கும் அதே பாதைதான் குடற்புழுவை எதிர்க்க உடம்பு வைத்திருக்கும் பாதை. அதனால் புழு இருந்தால் முதலில் அதற்கு மருந்து, பிறகுதான் ஊசி என்று மருந்தின் குறிப்பிலேயே எச்சரிக்கை இருக்கிறது. வயலில் வெறுங்காலோடு நிற்பவர்களுக்குப் பாதத்துத் தோல் வழியாகவே கொக்கிப்புழு ஏறிவிடும். மலப் பரிசோதனை பற்றி நீங்களாகவே கேளுங்கள். கண் விஷயமும் அப்படியே. ஆய்வுகளில் ஊசி போட்டவர்களில் 100க்கு 10 பேருக்குக் கண் சிவந்து உறுத்தியது. வெறும் ஊசிக்காரர்களில் 2 பேருக்கு. 'மெட்ராஸ் ஐ' என்று நினைத்துக் கடையில் சொட்டு மருந்து வாங்கி ஊற்றாதீர்கள், கண் மருத்துவரைப் பாருங்கள். ஆஸ்துமாவும் இருப்பவர்கள், ஊசி வந்துவிட்டதே என்று இன்ஹேலரைத் தூக்கிப் போடாதீர்கள். இந்த ஊசி போடும் காலத்தில் உயிருள்ள கிருமி கொண்ட தடுப்பூசிகள் கூடாது.

ஃப்ரிட்ஜ் பற்றித் தனியாகச் சொல்லியே ஆக வேண்டும். சித்தி முதல் பெட்டியை ஐஸ் பெட்டிக்குள் வைத்துவிட்டார். "இத்தன வெல குடுத்து வாங்குனது, கெட்டுப் போயிரக்கூடாதுல்ல" என்றார். மூன்றாம் நாள் எடுத்துப் பார்த்தால் அட்டை மேலே பனி படர்ந்து, சிரிஞ்சுக்குள் மருந்து கல்லாக உறைந்திருந்தது. உறைந்த எதிர்ப்பொருளை உருக்கிப் போடக்கூடாது. அது புரதம், முட்டையின் வெள்ளைக்கரு வெந்த பிறகு பழையபடி ஆகாது அல்லவா, அந்த மாதிரி. கையைப் பிசைந்துகொண்டே அந்தப் பெட்டியைத் தூக்கிப் போட்டோம். 2 முதல் 8 டிகிரி, அதாவது கீழ்த்தட்டு, அட்டைப்பெட்டியோடு. வெளியே வைத்தால் 25 டிகிரிக்கு மிகாமல் அதிகபட்சம் 14 நாள். சித்திரை வெயிலில் எந்த வீட்டில் 25 டிகிரி இருக்கிறது? பஸ்ஸில், கூரியரில், பெட்டியில் எத்தனை மணி நேரம் கிடந்தது என்று தெரியாத ஊசியை வாங்காதீர்கள். போடுவதற்கு முன் 300 மில்லிகிராம் சிரிஞ்சை 45 நிமிடம் வெளியே வையுங்கள். வெந்நீரில் போடாதீர்கள், குலுக்காதீர்கள். மருந்து கலங்கியிருந்தால் வேண்டாம்.

'மாப்' என்று முடிகிற பெயர்களைக் கேட்டுக் குழம்பவும் வேண்டாம். காணாக்கடிக்குப் போடும் ஓமலிசுமாப் அடைப்பது ஐஜிஇ என்ற வேறு பொருளை. அது அபூர்வமாக உயிருக்கே ஆபத்தான ஒவ்வாமையைக் கிளப்பும் என்பதால் முதல் ஊசிகளை மருத்துவமனையில்தான் போட்டு உட்கார வைத்துப் பார்ப்பார்கள். 2024இல் அமெரிக்காவில் அனுமதி பெற்ற நெமோலிசுமாப் அடைப்பது இன்டர்லூகின் 31 தூதின் பூட்டை. ஒன்றுக்குப் பதில் ஒன்று ஆகாது. அதைவிடப் பயமாக இருப்பது, "ஊசி விலை ஜாஸ்தி, இந்த மாத்திரையும் அதே வேலைதான்" என்று கைமாற்றுவது. டோஃபாசிடினிப் வகை மாத்திரைகளுக்குக் கடும் தொற்று, ரத்தக்கட்டு, இதயக் கோளாறு, புற்று ஆகியவற்றுக்கான எச்சரிக்கைப் பெட்டி உண்டு. காசநோய் மறைந்திருக்கிறதா என்று பார்க்காமல் அதை ஆரம்பிக்கவே கூடாது.

சித்தப்பா இப்போது வாரம் மூன்று நாள் பஸ் பிடித்துப் போய்ப் புறஊதா ஒளிப்பெட்டிக்குள் நின்றுவிட்டு வருகிறார். ஆரம்பக் கட்டத்திலேயே பிடித்துவிட்டதால் பல வருஷம் கட்டுக்குள் வைக்கலாம் என்கிறார் மருத்துவர். ஃப்ரிட்ஜில் ஒரு ஊசி மட்டும் மிச்சம் இருந்தது.

போன ஞாயிறு நான் அங்கே இருந்தபோது பக்கத்துத் தெரு அக்கா வந்தார். வாசல் திண்ணையில் உட்கார்ந்து மணிக்கட்டைச் சொறிந்துகொண்டே கேட்டார்: "அந்த ஊசி வீணாத்தானே போகுது, எனக்குக் குடு கண்ணு. எனக்கும் ராத்திரியானா இதே அரிப்புத்தான்."

அவர் கையை வாங்கி டியூப்லைட் வெளிச்சத்தில் விரித்துப் பார்த்தேன். விரல் இடுக்குகளில் கடுகு கடுகாகப் பொரிந்திருந்தது. நடுவே நூல் கிழித்த மாதிரி ஒரு சின்னக் கோடு.

"வீட்ல வேற யாருக்காச்சும் அரிக்குதுங்களாக்கா?"

"பேரனுக்கு, மருமகளுக்கு... எல்லாத்துக்குந்தான்."