பிறர் எடுத்த படச்சுருளும் ஏ.கே. செட்டியாரின் தொகுப்புப் பணியும்

பிரிஞ்சாங்கை அடுத்த சுங்கை பாலாஸ் தேயிலைத் தோட்டத்தைக் காண வருவோர் பலரும் படம் பிடித்துச் செல்கின்றனர். ஆயினும், படங்கள் பெருகுவதனால் மட்டுமே ஆவணம் உருவாகிவிடுவதில்லை. சிதறிக் கிடக்கும் காட்சிகளைத் தேடித் திரட்டி, அவற்றின் இடத்தையும் காலத்தையும் உறுதிசெய்து, பொருள் விளங்க வரிசைப்படுத்துவதே ஆவணப்படத் தொகுப்பு. இப்பணியின் இயல்பை ஏ.கே. செட்டியாரின் வாழ்க்கைவழி நாம் இங்கு விளக்க முற்படுகிறோம்.

1911இல் கோட்டையூரில் பிறந்த செட்டியார், இரங்கூனில் 'தனவணிகன்' இதழின் ஆசிரியராகப் பணியாற்றினார். பின்னர்த் தோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றார். 1937இல் நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் செல்கையில், காந்தியடிகளைப் பற்றி ஆவணப்படம் உருவாக்கும் எண்ணம் அவருக்குத் தோன்றியது. அவ்வெண்ணம் நிறைவேற, ஐரோப்பா, தென்னாப்பிரிக்கா உள்ளிட்ட பல நிலப்பகுதிகளுக்குச் சென்று, ஒளிப்பதிவாளர் பலர் முப்பதாண்டுக் காலத்தில் எடுத்திருந்த காட்சிகளைத் திரட்டினார்.

திரட்டப்பட்ட படச்சுருள் ஏறத்தாழ 50,000 அடி. முடிவில் அமைந்த படமோ ஏறத்தாழ 12,000 அடி. பேசும்படச் சுருள் நிமிடத்திற்கு 90 அடி ஓடும். எனவே, ஒன்பது மணி நேரத்திற்கும் மேற்பட்ட காட்சிகள் இரண்டே கால் மணி நேரத்திற்குள் அடக்கப்பட்டன எனலாம். முக்கால் பங்கு நீக்கப்பட்டது. நீக்கப்பட்டதைப் பார்வையாளர் அறியார். தொகுப்பவரின் நோக்கமோ அந்நீக்கத்திலும் அடங்கியுள்ளது. மற்றொரு சிக்கலும் உண்டு. மௌனப்படக் காலத்துச் சுருள்கள் பல, நொடிக்கு 16 அல்லது 18 படங்கள் என்னும் அளவில் எடுக்கப்பட்டவை. அவற்றைப் பேசும்படத்திற்குரிய 24 படங்கள் என்னும் வேகத்தில் ஓட்டினால், நடப்போர் ஓடுவோராகத் தோன்றுவர். ஆதலின், பழங்காட்சியைக் கையாள்வோர் அதன் வேகத்தையும் அறிந்திருத்தல் வேண்டும்.

1940இல் அப்படம் தமிழில் திரையிடப்பட்டது. 1953இல் அதன் சுருக்கப்பட்ட ஆங்கில வடிவம் அமெரிக்காவில் வெளியாயிற்று. 2006இல் ஆ.இரா. வேங்கடாசலபதி சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கண்டெடுத்தது இந்த ஆங்கில வடிவமே. தமிழ் மூலம் அன்று. கடல் கடந்து தேடிச் சேர்த்த ஒருவரின் படத்தையே மீண்டும் தேட நேர்ந்தது, பாதுகாப்பு இன்றேல் தொகுப்பும் நிலைபெறாது என்பதை உணர்த்துகிறது.

இவ்வுண்மை நமக்கும் பொருந்தும். கேமரன் மலையில் 1929இல் தொடங்கிய போ தேயிலைத் தோட்டங்களில் தமிழ்த் தொழிலாளரின் உழைப்பு பெரிது. இன்று கொழுந்து பறிப்பதில் பொறிகளும் அயல்நாட்டுத் தொழிலாளர்களும் இடம்பெற்றுள்ள நிலையில், அப்பழைய வாழ்க்கைக்குச் சான்றாக அமையக்கூடியவை குடும்பங்களின் பெட்டிகளில் உள்ள ஒளிப்படங்களும் திருமண, திருவிழா ஒளிநாடாக்களுமே ஆகும்.

ஆகவே, தமிழாசிரியர்கள் மாணவரைக் கொண்டு இவற்றைத் திரட்டுதல் நலம். படத்தில் இருப்பவர் யார், எடுத்த இடம் எது, ஆண்டு எது என மூத்தோரிடம் கேட்டு எழுதி வைத்தலும், மூலத்தை வெட்டாமல் காத்தலும் முதற்கடமைகளாம். பெயரும் ஆண்டும் இழந்த படத்தை எத்துணைத் திறமுடைய தொகுப்பாளராலும் சான்றாக்க இயலாது. அவற்றைச் சொல்லக்கூடிய மூத்தோர் நம்மிடையே வாழும்போதே இப்பணி தொடங்கப்பெறல் வேண்டும்.