ஏஐசிடிஇ அப்ரூவ்ட்னு போர்டு இருந்தா போதுமா?

சேலத்துல இருந்து நாமக்கல் ரோட்டுல போனா, கோழிப்பண்ணைக்கு அடுத்தபடியா கண்ணுல படுறது காலேஜ் பஸ்தான். கவுன்சிலிங் சீசன்ல ஃப்ளெக்ஸ் போர்டும் சேர்ந்துக்கும். அதுல ரெண்டு வரி கட்டாயம் இருக்கும்: ஏஐசிடிஇ அப்ரூவ்ட், அண்ணா யுனிவர்சிட்டி அஃபிலியேட்டட். ரெண்டும் ஒண்ணுதான்னு நிறைய வீட்டுல நினைக்கிறாங்க. அப்படி இல்ல.

அப்ரூவல் டெல்லியில இருந்து வர்றது. அகில இந்திய தொழில்நுட்பக் கல்விக் குழு, அதாவது ஏஐசிடிஇ, 1987-ல வந்த சட்டப்படி கொடுக்கிற அனுமதி. இந்தக் காலேஜ் இந்தக் கோர்ஸை நடத்தலாம், இத்தனை சீட் வெச்சுக்கலாம்னு சொல்லும். அஃபிலியேஷன் பல்கலைக்கழகம் கொடுக்கிறது. சிலபஸ், பரீட்சை, கடைசியில கையில வர்ற டிகிரி எல்லாம் அது வழியாத்தான். அட்டானமஸ் காலேஜ்னா சிலபஸும் பரீட்சையும் அவங்களே பாத்துப்பாங்க. ஆனா டிகிரி கொடுக்கிறது பல்கலைக்கழகம்தான்.

நம்ம பக்கம் இந்த அஃபிலியேஷன் நிறைய ஊர் சுத்தியிருக்கு. முதல்ல சென்னைப் பல்கலைக்கழகம். 1997-ல சேலத்துல பெரியார் பல்கலைக்கழகம் வந்ததும் அங்க. 2001-ல சட்டம் மாறினதும் அண்ணா யுனிவர்சிட்டி. 2007-ல அதைப் பிரிச்சு கோயம்புத்தூர்ல தனியா ஒண்ணு, 2012-ல திரும்பவும் ஒண்ணாச் சேர்த்துட்டாங்க. காலேஜ் இருந்த இடத்துலயே இருந்துச்சு. ஆனா அங்க படிச்ச அண்ணன் டிகிரியில ஒரு பேர், தம்பி டிகிரியில இன்னொரு பேர்.

சரி, டெல்லியும் பல்கலைக்கழகமும் முட்டிக்கிட்டா யார் பேச்சு செல்லும்? இதுக்கான முக்கியமான கேஸே நம்ம பக்கத்து ஊர்தான். ஓசூர் அதியமான் இன்ஜினியரிங் காலேஜோட அனுமதியை ரத்து பண்ண மாநில அரசும், அஃபிலியேஷன்ல கைவைக்க சென்னைப் பல்கலைக்கழகமும் பாத்தாங்க. 1995-ல சுப்ரீம் கோர்ட், தொழில்நுட்பக் கல்வித் தரத்துல மத்திய சட்டத்தோட மோதினா மாநிலச் சட்டம் நிக்காதுன்னு சொல்லிடுச்சு. அதோட கதை முடியல. 2020-ல கேரளா டெக்னாலஜிக்கல் யுனிவர்சிட்டி கேஸ்ல, ஏஐசிடிஇ சொல்றது குறைந்தபட்சத் தரம்தான், அதைவிடக் கூடுதலா பல்கலைக்கழகம் கேக்கலாம்னு அதே கோர்ட் சொல்லுச்சு. எனக்கு இந்த ரெண்டாவது தீர்ப்புதான் சரியாப் படுது. வருஷா வருஷம் லேபைப் பாத்து, வாத்தியார் லிஸ்ட்டைப் பாத்து, ஆள் பத்தலைன்னா சீட்டைக் குறைக்கிறது பல்கலைக்கழகம்தானே?

ஆனா அந்தப் பார்வை எவ்வளவு உறுதி? 2024 ஜூலையில அறப்போர் இயக்கம் ஒரு விஷயத்தை வெளியில கொண்டு வந்தாங்க: 2023-24-ல 353 பேர் ஒரே நேரத்துல ஒண்ணுக்கு மேற்பட்ட காலேஜ்ல முழுநேர ஆசிரியர்னு கணக்குல இருந்திருக்காங்க. சம்பந்தப்பட்ட காலேஜ் 224. அதுக்கப்புறம் அண்ணா யுனிவர்சிட்டியே, 189 பேர் சுமார் 2000 இடத்தை நிரப்பியிருக்காங்கன்னு சொல்லுச்சு.

ஏன் இப்படிப் பண்றாங்க? கணக்குப் போட்டுப் பாருங்க. 20 மாணவருக்கு ஒரு ஆசிரியர்ங்கறது விதி. ஒரு கோர்ஸ்ல 60 சீட்னா, நாலு வருஷத்துக்கு 240 பேர், 12 ஆசிரியர் வேணும். அதுல பிஎச்டி முடிச்ச சீனியர்களும் இருக்கணும். அவங்களை வேலைக்கு எடுக்கிறதைவிட பேரை மட்டும் வாங்கிக்கிறது செலவு கம்மி. என்னைக் கேட்டா, டேட்டாபேஸ்ல ஒழுங்கா ஒரு யூனிக் கீ இருந்திருந்தா இதுல பெரும்பகுதி முதல் நாளே மாட்டியிருக்கும். நஷ்டம் யாருக்கு? தியரி ஆஃப் மெஷின்ஸை யூடியூப் பாத்துப் படிச்சு, அரியர் வெச்ச பையனுக்கு.

2024-25-ல இருந்து சீட் உச்சவரம்பையும் ஏஐசிடிஇ எடுத்துட்டாங்க. கம்ப்யூட்டர் சயின்ஸ் சீட் கூடக்கூட, அந்த வாத்தியார் லிஸ்ட் இன்னும் முக்கியமாகுது.

அதனால சாய்ஸ் ஃபில்லிங்குக்கு முன்னாடி காலேஜ் வெப்சைட்ல மேண்டேட்டரி டிஸ்க்ளோஷர் பக்கத்தைத் தேடுங்க. இந்த வருஷ அப்ரூவல் லெட்டர்ல நீங்க கேக்கிற கோர்ஸ் இருக்கா, எத்தனை சீட்னு பாருங்க. காலேஜுக்கு இருக்கிற அப்ரூவல், புதுசா ஆரம்பிச்ச ஏஐ கோர்ஸுக்கும் தானா வந்துடாது. அஃபிலியேஷனையும் கோர்ஸ் வாரியாப் பாருங்க. என்பிஏ தரச்சான்று வேற, அதை அப்ரூவலோட குழப்பிக்காதீங்க. அப்புறம் அங்க இருக்கிற ஆசிரியர் லிஸ்ட்டை ஒரு ஸ்க்ரீன்ஷாட் எடுத்து, அதே டிபார்ட்மென்ட்ல மூணாவது வருஷம் படிக்கிற சீனியருக்கு அனுப்பி, "அண்ணா, இதுல எத்தனை பேர் உங்களுக்குக் கிளாஸ் எடுத்திருக்காங்க?"ன்னு கேளுங்க.