அவசரப்பட்டுட்டியே, முயலே!

பஸ் ஸ்டாப்பில் யாரோ ஒருவரின் முதுகில் ஓங்கித் தட்டி, "எப்படா வந்தே?" என்று கேட்டு அசடு வழிந்த அனுபவம் உங்களுக்கு உண்டா? "ஸாரி ஸார்" என்று நழுவியிருப்பீர்கள். பக்ஸ் பன்னி என்ன செய்தது தெரியுமா?

1948-ல் வார்னர் பிரதர்ஸ் வெளியிட்ட கார்ட்டூன், 'மை பன்னி லைஸ் ஓவர் தி ஸீ'. டைரக்‌ஷன் சக் ஜோன்ஸ், கதை மைக்கேல் மால்ட்டீஸ். ஓடுவது ஏழு நிமிஷம்தான். மண்ணுக்கடியில் வளை தோண்டிக்கொண்டே லாஸ் ஏஞ்சல்ஸுக்கு டூர் கிளம்பிய முயல், ஆல்புகர்க்கியில் திரும்பாமல் கோட்டை விட்டு, ஸ்காட்லாந்தில் தலையை நீட்டுகிறது. எதிரே பாவாடை கட்டிய ஓர் உருவம். அதன்மேல் ஏதோ ஒன்று தொற்றிக்கொண்டு 'வீல் வீல்' என்று அலறுகிறது. 'அடப்பாவமே, ஒரு பொம்பளையைப் பூதம் பிடிச்சிருக்கே!' என்று பாய்ந்து, அந்தப் பூதத்தைத் துவம்சம் செய்கிறார் நம்ம ஹீரோ.

பொம்பளை இல்லே ஸார், ஆம்பளை! பூதம் இல்லே, பேக்பைப் வாத்தியம்!

வாத்தியத்தைப் பறிகொடுத்த ஆங்கஸ் மெக்ரோரி சும்மா விடுவாரா? "வா, மோதிப் பார்க்கலாம்" என்கிறார். மோதல் எதில்? கோல்ஃபில்!

கோல்ஃப் அந்த ஊர் மண்ணோடு பிறந்த ஆட்டம். வில் பயிற்சி கெடுகிறது என்று 1457-லேயே ஸ்காட்லாந்து பார்லிமென்ட் அதற்குத் தடை போட்டது என்றால் பாருங்களேன்! குறைந்த அடியில் பந்தைக் குழியில் தள்ளுகிறவருக்கு ஜெயம். கூடவே ஓடி விசில் ஊத ரெஃப்ரி கிடையாது. எத்தனை அடி என்பதற்கு ஆடுகிறவரின் மனசாட்சிதான் கணக்குப்பிள்ளை. மனசாட்சியை வீட்டிலேயே விட்டுவிட்டு வந்த முயலிடம் இந்த ஆட்டம் மாட்டினால்? தில்லுமுல்லு மேல் தில்லுமுல்லு. ஜெயித்தது முயல்!

"பேக்பைப்பில் என்னை ஜெயிக்க முடியாது" என்று கடைசியாக மார்தட்டுகிறார் மெக்ரோரி. முயலோ பேக்பைப்போடு இன்னும் பல வாத்தியங்களையும் தானே மாட்டிக்கொண்டு தனியாளாக ஒரு பாண்டு கச்சேரியே நடத்திவிடுகிறது. அதோடு படம் காலி.

வயிறு வலிக்கச் சிரித்துவிட்டு யோசித்தால் லேசாக உறுத்துகிறது. தன் ஊரில், தன் பாட்டுக்கு வாசித்துக்கொண்டிருந்தவர் அந்த மனுஷர். வாத்தியம் போச்சு, ஆட்டம் போச்சு, மானமும் போச்சு. முயல் கடைசிவரை ஒரு 'ஸாரி' சொல்லவில்லை. "நல்லது செய்யத்தானே ஸார் வந்தேன்" என்று நம் ஃபைலைக் குதறிவிட்டு, பிரமோஷனையும் தட்டிக்கொண்டு போகிற ஆசாமி ஞாபகத்துக்கு வருகிறாரா?

ஸ்க்ரீனில் ஏழு நிமிஷம், சிரிக்கிறோம். பக்கத்து ஸீட்டில் எட்டு மணி நேரம் என்றால்?