அப்பா போனில் ஒரு கிராக்

நாமக்கல், சங்ககிரிப் பக்கம் லாரி வைத்திருக்கும் வீடுகளில் அப்பாவின் போனில்தான் எல்லாமே: ஃபாஸ்டேக், டீசல் கணக்கு, வங்கிச் செயலி, ஜிபே. ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு அது மகன் கைக்கு வரும். ஓடிஜி ஒயரில் கீபோர்டும் மவுஸும் மாட்டி பிஜிஎம்ஐ ஆடுவான்.

தொடுதிரைக்கென எழுதிய விளையாட்டுக்கு ‘டபிள்யூ’ விசை என்றால் என்னவென்றே தெரியாது. நடுவில் ஒரு கீமேப்பர் உட்கார்ந்து, விசை அமுங்கியதும் திரையில் இன்ன இடத்தை விரல் தொட்டதாக ஆண்ட்ராய்டை நம்பவைக்கும். சாதாரணச் செயலிக்கு இந்த உரிமை கிடையாது. அதனால் பல கீமேப்பர்கள் ‘யூஎஸ்பி டீபக்கிங்’கைத் திறந்து, ‘ஷெல்’ எனும் மேலதிகாரத்தைக் கேட்கின்றன. அது கிடைத்த நிரல், நாம் அமுக்கும் ஒவ்வொரு விசையையும், விரல் பட்ட ஒவ்வொரு புள்ளியையும் படிக்கலாம். வங்கிச் செயலி ஸ்கிரீன்ஷாட்டைத் தடுக்கும், சரி. பின் நம்பரைத் திருடப் படம் எதற்கு? எண்களின் வரிசை மாறாத பலகையில், தொட்ட இடங்கள் போதுமே.

ஆக, ஒழுங்கான கீமேப்பர் செய்வதும் கீலாகர் என்னும் வேவு நிரல் செய்வதும் ஏறக்குறைய ஒரே வேலை. வித்தியாசம், எழுதியவர் யார் என்பதில்தான். காசு கட்டாமல் ஓடும்படி யாரோ மாற்றிவிட்ட ‘கிராக்’ பதிப்பு அந்த அடையாளத்தைத்தான் அழிக்கிறது. ஒவ்வொரு ஏபிகே கோப்பும் எழுதியவரின் டிஜிட்டல் கையொப்பத்தோடு வரும். பெட்ரோல் டேங்கரின் வால்வில் போடும் சீல் மாதிரி. உள்ளே ஒரு பைட்டை மாற்றினாலும் சீல் உடையும். லைசென்ஸ் சோதனையை வெட்டியவர் தன் சொந்த சீலைப் போட்டுத்தான் வெளியே விட முடியும். கூடவே என்ன ஊற்றினார் என்று யார் பார்த்தார்கள்? அசல் நிறுவனத்தின் அப்டேட்டும் இதன்மேல் ஏறாது, கையொப்பம் பொருந்தாதே.

அசலுக்கே ஆபத்து வந்த கதையும் உண்டு. கம்ப்யூட்டரில் ஆண்ட்ராய்டு விளையாட்டுகளை ஓட்டும் நாக்ஸ்பிளேயரின் அப்டேட் வழியாகவே வேவு நிரல்கள் புகுந்ததை 2021 பிப்ரவரியில் ஈசெட் என்னும் கணினிப் பாதுகாப்பு நிறுவனம் வெளிப்படுத்தியது. குறிவைக்கப்பட்டவர்கள் ஐந்தே பேர். தைவான், ஹாங்காங், இலங்கையில் இருந்தவர்கள். நாக்ஸ்பிளேயர் ஒரு நிறுவனம் தந்த மென்பொருள் என்பதால் கேட்க ஓர் இடமாவது இருந்தது. டெலிகிராமில் வந்த கிராக்குக்கு யாரிடம் போவது? காவல் நிலையத்துக்குப் போனால், தெரிந்தே திருட்டு மென்பொருளைப் பயன்படுத்துவது 1957 பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவில் தனிக்குற்றம்.

பையன்கள் தங்களுக்குள் பயந்து பேசிக்கொள்வதெல்லாம், கீமேப்பர் பிடிபட்டால் விளையாட்டில் ‘ஐடி பேன் ஆயிடும்’ என்பதைப் பற்றித்தான். பேன் ஆனதும் மகன் விளையாட்டை அழிப்பான், கீமேப்பரையும் அழிப்பான். ஷெல் அதிகாரம் இருந்தபோது கீமேப்பர் சத்தமில்லாமல் வேறொரு செயலியை நிறுவியிருந்தால், அது அங்கேயேதான் இருக்கும். காலையில் அதே போனோடு அப்பா லோடு ஏற்றக் கிளம்புவார்.