வாய்மொழி டிரஸ்டும் அதன் சாட்சியமும்

எழுதாச் சொல்லையே உறுதியாகக் கொண்டு நிலமும் வீடும் கைமாறுதல் நம் நாட்டில் நெடுங்கால வழக்கம். சொன்னவரும் ஏற்றவரும் மாண்டபின் அச்சொல்லை நியாயஸ்தலத்தில் நிலைநாட்டுவது எங்ஙனம் என்பதை ஈண்டுச் சுருங்க ஆராய்வாம்.

சங்கரன்கோவிலில் ஒரு தந்தை தம் வீட்டை மூத்த குமாரன் பேருக்குச் சாசனம் செய்து, "வாடகை முழுதும் விதவையான உன் தங்கைக்கே உரியது" என்று வாயால் சொல்லிவைத்தார் எனக் கொள்வோம். தந்தையும் குமாரனும் காலஞ்சென்றபின், குமாரனுடைய மக்கள் வீடு முற்றும் தங்களதே என்கின்றனர். தங்கையின் கையிலோ பத்திரம் ஒன்றும் இல்லை. அவள் யாது செய்வாள்?

1882-ஆம் வருஷத்து இந்திய டிரஸ்ட் சட்டத்தின் 5-ஆம் பிரிவு, ஸ்தாவர சொத்தைப் பற்றிய டிரஸ்ட் கையொப்பமிட்டு ரிஜிஸ்டர் செய்த பத்திரத்தாலோ உயிலாலோதான் ஏற்படும் என்கிறது. பணம், நகை முதலிய ஜங்கம சொத்தாயின், உரிமையை டிரஸ்டிக்கு மாற்றிக் கொடுத்தலும் போதும். இதனால் அவள் வழி அடைபட்டதுபோல் தோன்றும். ஆயினும், இவ்விதிகள் மோசடி நிறைவேறுதற்குத் துணையாகுமிடத்துச் செல்லா என்று அப்பிரிவே விலக்களிக்கின்றது. மேலும், கோவில் விளக்கு, அன்னதானம் போன்ற சமய தருமங்களுக்கு விட்ட சொத்து இச்சட்டத்துள் அடங்காது.

இவ்விலக்கின் கருத்தை விளக்குவது இலங்கைக் காப்பித் தோட்டங்களைப் பற்றி இங்கிலாந்தில் நடந்த வழக்கொன்று. ரோஷ்ஃபூக்கோ சீமாட்டியின் தோட்டங்களை பூஸ்டெட் என்பவர் 1873-இல் தம் பேரில் வாங்கினார். அவளுக்காகவே வாங்கினார் என்பது அவள் வாதம். எழுத்து வேண்டும் என்னும் 1677-ஆம் வருஷத்துச் சட்டம் குறுக்கே நின்றது. 1897-இல் வெளியான தீர்ப்பில் அப்பீல் கோர்ட்டார், டிரஸ்டியாகப் பெற்றோம் என்றறிந்தும் சொத்தைத் தமதென்று சாதிப்பது மோசடியே. மோசடியைத் தடுக்கப் பிறந்த சட்டம் அதற்கே கருவியாதல் தகாது. ஆதலால் வாய்மொழிச் சாட்சியம் ஏற்கத்தக்கது என்றனர்.

இனி, நிரூபணத்தின் பாரம் டிரஸ்ட் உண்டு என்பார்மேலதே. எந்தச் சொத்து, யாருக்காக, எந்நோக்கத்தோடு என்னும் மூன்றும் ஐயமற விளங்கவேண்டும். "தங்கையைப் பார்த்துக்கொள்" என்பது வெறும் வேண்டுகோள். "வாடகை அவளுடையது" என்பதே கட்டளை. அச்சொல்லைத் தம் காதால் கேட்டவரே சாட்சி கூறவேண்டும். ஊரார் பேசிக்கொண்டது என்பது பயன்படாது. சொல்லினும் வலியது நடக்கை. வாடகை யார் கைக்குச் சென்றது, தீர்வை கட்டியவர் யார், பழுது பார்த்த செலவு யாருடையது என்பவற்றைக் கணக்குப் புஸ்தகமும் ரசீதுகளும் கடிதங்களும் காட்டும். "வீடு எனதன்று" என்று இறந்த குமாரன் தன் உரிமைக்கே மாறாகச் சொல்லியிருப்பின், அது அவன் இறந்தபின்னும் சாட்சியமாகும். 1872-ஆம் வருஷத்துச் சாட்சியச் சட்டத்தில் இருந்த இவ்விதி, 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் வந்த புதிய சட்டத்திலும் நிலைத்துள்ளது.

இத்தனையும் இருந்தாலும் வெற்றி நிச்சயமன்று. சாசனத்தின் வாசகத்துக்கு மாறான வாய்மொழியை நீதிபதி ஐயத்தோடே நோக்குவார். ஆதலால், உடன்பிறந்தார்மேல் நம்பிக்கையுடையோரும் அந்நம்பிக்கையை எழுதி ரிஜிஸ்டர் செய்துவைத்தல் நலம். அது சகோதரனை ஐயுறுதலன்று. அவனுக்குப் பின்வரும் மக்களைக் கலகத்தினின்று காத்தலேயாம்.